பர்ஸ் அடித்தவரும் போட்ஸ்டாமர் பிளாட்ஸைத் தேடியவரும்

கேள்வி இது: ‘காஸாபிளாங்கா’ படத்தின் தொடக்கத்தில் ஒரே ஒரு நிமிடம் வந்து, ஆங்கிலேயர் ஒருவரின் பர்ஸை அடித்துக்கொண்டு போகிறாரே, அந்த ஆளும், விம் வெண்டர்ஸின் ‘விங்ஸ் ஆஃப் டிசையர்’ படத்தில் பெர்லின் சுவரோரம் மூச்சு வாங்க நடக்கும் கிழவரும் ஒரே நடிகரா? அப்படியானால் இடைப்பட்ட நாற்பத்தைந்து வருடமும் இப்படித் துண்டு வேடங்களிலேயே காலம் தள்ளினாரா?

முதல் பாதிக்குப் பதில் சுலபம். ஆமாம், ஒரே ஆள்தான். பெயர் கூர்ட் போய்ஸ். 1901 ஏப்ரல் 5 அன்று பெர்லினில் பிறந்தார். 1991 கிறிஸ்துமஸ் அன்று அதே பெர்லினில் இறந்தார். இரண்டாவது பாதிக்குத்தான் கொஞ்சம் நீளமாகப் பேச வேண்டியிருக்கிறது. துண்டு வேடம் என்பது அவர் அமெரிக்காவில் இருந்த காலத்துக்குத்தான் பொருந்தும். அதற்கு முன்பு பெர்லினில் அவர் பெரிய நகைச்சுவை நட்சத்திரம். அந்த உயரத்திலிருந்து ஒரு நிமிட வேடத்துக்கு எப்படி வந்தார், அந்த ஒரு நிமிடத்தை என்ன செய்தார் என்பதுதான் கதை.

அதற்கு முன் ஒரு சின்ன விஷயம். தமிழில் ‘துணை நடிகர்’ என்றால் கூட்டத்தில் நிற்பவர் என்றுதான் நம் காதில் விழும். ‘குணச்சித்திர நடிகர்’ என்பது வேறு. கதாநாயகன் இல்லை, ஆனால் முகத்தைப் பார்த்ததும் இந்த ஆள் யார், எந்த ஊர், எப்படிப்பட்டவன் என்று நமக்குத் தெரிந்துவிடும். நல்ல சொல் அது. போய்ஸ் இந்த இரண்டாவது வகை. ஹாலிவுட் அவரை முதல் வகையில் வைக்கப் பார்த்தது. அவர் கடைசிவரை அதற்கு ஒத்துழைக்கவில்லை.

ஆரம்பத்திலிருந்து வருகிறேன். யூதக் குடும்பம். ஆறு வயதில், 1907இல், சினிமாவில் முகம் காட்டியாகிவிட்டது. சினிமா என்பதே அப்போது சந்தையில் காட்டும் வேடிக்கையாகத்தான் இருந்தது. குழந்தை நட்சத்திரம் என்ற வகை உருவாவதற்கு முன்பே குழந்தை நட்சத்திரமானவர் என்று சொன்னால் தப்பில்லை. 1909இல் வந்த ‘கிளெபோலின் கிளெப்ட் ஆலெஸ்’ என்ற குட்டிப் படத்தில் எல்லாவற்றையும் ஒட்டவைக்கும் ஒரு பசையை வைத்துக்கொண்டு ரகளை செய்கிற சிறுவனாக வருகிறார். கதை அவ்வளவுதான்.

மேடையில் நுழைந்ததும் சிறுவனாகத்தான். 1908இல் பெர்லினின் தியேட்டர் டெஸ் வெஸ்டென்ஸ் அரங்கில் லியோ ஃபால் இசையமைத்த ‘டெர் ஃபிடேலெ பவர்’ என்ற ஓப்பரெட்டா (லேசான இசை நாடகம்). அதில் ஹைனர்லே என்றொரு பையன் வருவான். சந்தையில் கண்ணில் பட்டதையெல்லாம் கேட்பான். காசில்லை கண்ணே என்று அம்மா பாடுவாள். ஜெர்மன் பேசும் ஊர்களில் அந்தக் காலத்தில் அந்தப் பாட்டைத் தெரியாதவர்கள் குறைவு. ஏழு வயது போய்ஸ்தான் ஹைனர்லே. அந்த அரங்கின் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், கடைசியில் தேவைப்படும்.

குழந்தை நட்சத்திரங்களில் பலர் மீசை முளைத்ததும் காணாமல் போவார்கள். இவர் போகவில்லை. உடல் வளையும் நகைச்சுவை நடிகராக மாறினார். அதற்கு நல்ல சாட்சி 1919இல் எர்ன்ஸ்ட் லுபிட்ஷ் எடுத்த ‘ஆஸ்டர்ன்பிரின்செஸின்’ (சிப்பி இளவரசி). அமெரிக்கப் பணக்காரன் வீட்டுக் கல்யாணம். திடீரென்று வீடு முழுக்க ஃபாக்ஸ்டிராட் நடனம் தொற்றுநோய் போலப் பரவுகிறது. விருந்தினர் ஆடுகிறார்கள், சமையல்காரர்கள் ஆடுகிறார்கள், பரிமாறுபவர்கள் ஆடுகிறார்கள். அந்தக் காய்ச்சலைக் கிளப்பிவிடும் வாத்தியக் குழுத் தலைவன்தான் போய்ஸ். இடுப்பாலும் முதுகாலும் இசையை நடத்துவார். ஒலி இல்லாத படம்தான். ஆனால் அவர் உடம்பைப் பார்த்தால் தாளம் கேட்கும். பதினெட்டு வயது.

1920களில் பெர்லின் காபரேக்களிலும் நாடக மேடைகளிலும் அவர் கொடி பறந்தது. அக்கா தங்கை வகையிலும் மேடை ரத்தம்தான், இல்ஸே போய்ஸும் காபரே கலைஞர். ‘சார்லியின் அத்தை’ நாடகத்தில் பெண் வேடம் கட்டும் ஆணாக மேடையில் வயிறு குலுங்கவைத்தார். 1927இல் ரிச்சர்ட் ஐஷ்பெர்க் இயக்கிய ‘டெர் ஃபுர்ஸ்ட் ஃபொன் பாப்பன்ஹைம்’ படத்திலும் ஒரு ஃபேஷன் நிறுவனப் பின்னணியில் பெண் உடுப்பில் வருவார். இதில் அவர்தான் நாயகன். லேசான படம், இன்றைக்குப் பார்த்தால் நிறைய இடங்களில் இழுக்கும். ஆனால் இந்தப் படத்துக்குப் பின்னால் ஒரு கொடுமையான கதை இருக்கிறது, அதற்கு வருகிறேன்.

1933. ஹிட்லர் ஆட்சிக்கு வந்ததும் யூதக் கலைஞர்களுக்கு மேடையும் ஸ்டுடியோவும் கதவடைத்தன. போய்ஸ் கிளம்பினார். ஐரோப்பாவில் அங்கும் இங்கும் தங்கிவிட்டு நியூயார்க் போய்ச் சேர்ந்தார், அங்கிருந்து 1937 வாக்கில் ஹாலிவுட். அவருக்கு அப்போது முப்பத்தாறு வயது. சினிமாவில் முப்பது வருட சர்வீஸ். அங்கே யாருக்கும் அவரைத் தெரியாது.

இந்த இடத்தில் கொஞ்சம் நிற்க வேண்டும். ஒரு எழுத்தாளர் நாடு விட்டு நாடு போனால் தன் மொழியில் எழுதிக்கொண்டே இருக்கலாம், அச்சிட ஆள் கிடைப்பது வேறு விஷயம். இசைக்கலைஞருக்கு மொழியே தேவையில்லை. ஒளிப்பதிவாளருக்கும் கிட்டத்தட்ட அப்படித்தான். நடிகருக்குத்தான் எல்லாமே போய்விடுகிறது. அவருடைய கருவியே வாய்தான், அந்த வாய் இப்போது தப்பான உச்சரிப்போடு திறக்கிறது. பேசும் படம் வந்து பத்து வருடம் ஆன காலம். மௌனப் படக் காலத்தில் ஜெர்மன் நடிகர் ஹாலிவுட்டில் எந்த நாட்டுக்காரராகவும் நடித்திருக்கலாம். 1937இல் வாயைத் திறந்ததும் ‘வெளிநாட்டுக்காரன்’ என்று முத்திரை விழுந்துவிடும். அப்புறம் அந்த வெளிநாட்டுக்காரனுக்கு என்ன வேலை? ஹோட்டல் சர்வர், முடி திருத்துபவர், நடனம் சொல்லிக்கொடுப்பவர், கோமாளித்தனமான பிரபு. எந்த வெளிநாடு என்பது ஸ்டுடியோக்களுக்குப் பெரிய விஷயமில்லை. ஜெர்மன்காரர் பிரெஞ்சுக்காரராக வருவார், ஹங்கேரிக்காரர் ஜெர்மன்காரராக வருவார். உச்சரிப்பு ஏதோ ஒரு வகையில் கோணலாக இருந்தால் போதும்.

போய்ஸ் மட்டுமல்ல, ஒரு தலைமுறையே இப்படிச் சுருங்கியது. ஃபெலிக்ஸ் பிரெஸ்ஸார்ட் என்று ஒருவர். பேசும் படம் வந்த புதிதில், 1930இல் வந்த ‘டீ டிரை ஃபொன் டெர் டாங்க்ஷ்டெல்லெ’ போன்ற ஜெர்மன் நகைச்சுவைப் படங்களில் எல்லோருக்கும் பிடித்த முகம். ஹாலிவுட்டில் லுபிட்ஷ் இருந்ததால் கொஞ்சம் தப்பித்தார். 1942இல் வந்த ‘டு பி ஆர் நாட் டு பி’ படத்தில் ஈட்டி பிடித்துக்கொண்டு ஓரத்தில் நிற்கும் நாடக நடிகராக வருவார். ஒரு நாளாவது ஷேக்ஸ்பியரின் யூதப் பாத்திரமான ஷைலாக்காக நடித்துவிட வேண்டும் என்று ஏங்குவார். அந்த வேடத்தை பிரெஸ்ஸார்ட்டுக்குக் கொடுத்தது தற்செயல் என்று என்னால் நம்ப முடியவில்லை.

‘காஸாபிளாங்கா’வுக்கு வருவோம். 1942 கோடையில் வார்னர் பிரதர்ஸ் ஸ்டுடியோவில் படப்பிடிப்பு. இயக்குநர் மைக்கேல் கர்டிஸ், அவரே ஹங்கேரியிலிருந்து வந்தவர். பெயர் போடப்பட்ட நடிகர்கள் பதினான்கு பேர், அதில் அமெரிக்காவில் பிறந்தவர்கள் மூன்றே பேர்: ஹம்ப்ரி போகார்ட், பியானோ வாசிக்கும் டூலி வில்சன், பல்கேரியப் பெண்ணாக வரும் ஜாய் பேஜ். அந்தப் பட்டியலில் கடைசிப் பெயர் கூர்ட் போய்ஸ்.

பெயர் போடப்படாதவர்களின் கதை இன்னும் சுவாரசியம். காலாவதியான பத்திரத்தோடு ஓடி, சுவரில் ஒட்டிய, ஜெர்மனியோடு ஒத்துப்போன பிரெஞ்சுத் தலைவர் பெத்தானின் படத்துக்குக் கீழே சுடப்பட்டு விழுகிறவர் வொல்ஃப்காங் ஸில்ஸர். அப்பா இன்னும் ஜெர்மனியில் இருந்ததால், அவருக்கு ஆபத்து வந்துவிடக்கூடாது என்று சொந்தப் பெயரை ஒளித்து நடித்தவர். பெற்றோர் நாடகக்காரர்கள், அமெரிக்காவில் இருந்தபோது சின்சினாட்டியில் பிறந்தவர் என்பது இதில் ஒரு வேடிக்கை. நகையை விற்க வந்து, இன்னும் கொஞ்சம் தரக்கூடாதா என்று கேட்கும் பெண் லோட்டே பால்ஃபி. ஜெர்மனியில் மேடை நடிகை. இங்கே ஒரு வரி.

நாஜி அதிகாரி ஸ்ட்ராஸராக வரும் கொன்ராட் ஃபைட் பெர்லின்காரர், யூதர் அல்ல, ஆனால் மனைவி யூதர். 1933இல் நாட்டை விட்டு வெளியேறியவர். 1920இல் வந்த ‘டாக்டர் காலிகாரி’ படத்தில் தூக்கத்தில் நடந்து கொலை செய்யும் செஸாரே அவர்தான். செஸாரேயால் கொல்லப்படும் நண்பன் ஆலனாக நடித்தவர் ஹான்ஸ் ஹைன்ரிஷ் ஃபொன் ட்வார்டோவ்ஸ்கி. இருபத்திரண்டு வருடம் கழித்து ஃபைட்டும் ட்வார்டோவ்ஸ்கியும் ஒரே ஸ்டுடியோவில் ஜெர்மன் ராணுவ உடுப்பில் நிற்கிறார்கள், யாரிடமிருந்து ஓடி வந்தார்களோ அவர்களாகவே. ட்வார்டோவ்ஸ்கிக்கு டைட்டிலில் பெயர்கூட இல்லை. சம்பளம் வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போனால் இரவு எட்டு மணிக்கு மேல் வெளியே வர முடியாது. கலிபோர்னியாவில் ஜெர்மன் குடியுரிமை உள்ளவர்கள் ‘எதிரி நாட்டார்’ என்பதால் அந்த வருடம் அவர்களுக்கு ஊரடங்கு. ஹிட்லரிடமிருந்து தப்பி வந்தவர்களா என்று சட்டம் பிரித்துப் பார்க்கவில்லை.

போய்ஸுக்கு ராணுவ உடுப்பு கிடைக்கவில்லை. குள்ளமான, கறுத்த தலைமுடிக்காரர், அதற்கு லாயக்கில்லை என்று நினைத்திருப்பார்கள். பிக்பாக்கெட் வேடம் கிடைத்தது. அந்தக் காட்சியை மறுபடி போட்டுப் பாருங்கள். போலீஸ் தெருவில் அகதிகளை அள்ளிக்கொண்டு போகிறது. வெளியே காபிக் கடையில் ஓர் ஆங்கிலேயத் தம்பதி, எதுவும் புரியாமல் விழிக்கிறார்கள். போய்ஸ் வருகிறார். என்ன நடக்கிறது என்று விளக்குகிறார். இது வழக்கமான சுற்றிவளைப்பு, இந்த ஊரில் பிணந்தின்னிக் கழுகுகள் அதிகம், ஜாக்கிரதையாக இருங்கள் என்று அக்கறையோடு எச்சரிக்கிறார். எச்சரிக்கும்போதே பர்ஸ் கை மாறிவிடுகிறது. அவர் போன பிறகு அந்த மனிதர் சட்டையைத் தடவிப் பார்த்து, அடடா ஹோட்டலிலேயே விட்டுவிட்டேன் போலிருக்கிறது என்கிறார்.

எழுதி வைத்த வசனத்தைப் பார்த்தால் இந்தக் காட்சியின் வேலை தகவல் சொல்வது. ஊர் எப்படி, போலீஸ் எப்படி, யார் யார் மாட்டுகிறார்கள் என்று பார்வையாளருக்குச் சொல்ல ஓர் ஆள் வேண்டும். சாதாரண நடிகர் தகவலைச் சொல்லிவிட்டுப் போயிருப்பார். போய்ஸ் ரகசியம் சொல்வதுபோலக் குனிகிறார். தோளுக்குப் பக்கத்தில் கை, கண் அங்குமிங்கும் அலைகிறது. அந்த அலைச்சலைப் பார்த்து நாம் பயந்த மனிதன் என்று நினைக்கிறோம், அது உண்மையில் தப்பிக்க வழி பார்க்கும் திருடனின் கண். கை எப்போது உள்ளே போனது என்று முதல் முறை பார்ப்பவருக்குத் தெரியாது. நாமும் அந்த ஆங்கிலேயரோடு சேர்ந்து ஏமாறுகிறோம். எனக்கு மூன்றாவது முறை பார்த்தபோதுதான் இன்னொன்று தோன்றியது: அவர் சொல்லும் எச்சரிக்கை ஒவ்வொரு சொல்லும் உண்மை. கழுகுகள் இருக்கத்தான் செய்கின்றன, ஒன்று பேசிக்கொண்டிருக்கிறது.

உச்சரிப்பு கோணலான ஆள் தகவல் சொல்வான் என்று ஸ்டுடியோ அவரை வைத்தது. அவர் உடம்பை வைத்து அதை நாடகமாக்கிவிட்டார். 1919இல் முதுகால் வாத்தியக் குழுவை நடத்திய அதே ஆள்தானே. பின்னால் இன்னொரு முறை, போகார்ட் நடிக்கும் ரிக்கின் கடையில், எஸ். ஸெட். சாகல் நடிக்கும் சர்வர் கார்ல் மீது இடித்துவிட்டு மன்னிப்புக் கேட்பார். கார்ல் பதறிப்போய் தன் பைகளையெல்லாம் தட்டிப் பார்ப்பார். வசனமே வேண்டியதில்லை.

மற்ற ஹாலிவுட் படங்களைச் சட்டென்று தாண்டிவிடுகிறேன். 1939இல் வில்லியம் டீட்டர்ல இயக்கிய ‘ஹன்ச்பேக் ஆஃப் நோட்டர் டாம்’, மாணவன் வேடம். 1941இல் ‘ஹோல்ட் பேக் த டான்’, பில்லி வைல்டர் எழுதியதில் பங்கு கொண்ட படம். மெக்ஸிகோ எல்லையோர ஹோட்டலில் அமெரிக்க விசாவுக்காகக் காத்திருக்கும் அகதிகளில் ஒருவர், பெயர் போன்புவா. எழுத்துக்கூட்டிப் பார்த்தால் போய்ஸின் சொந்தப் பெயரே அதற்குள் இருக்கும். 1944இல் ‘கவர் கேர்ள்’. இவற்றில் தேடிப் பார்க்க வேண்டியது 1949இல் மாக்ஸ் ஓஃபூல்ஸ் எடுத்த ‘காட்’. கோடீஸ்வரனாக ராபர்ட் ரயன், அவனுக்கு ஒட்டிக்கொண்டு திரியும் கையாளாக ஃபிரான்ஸி என்ற வேடத்தில் போய்ஸ். பியானோவில் விரலை ஓட்டிக்கொண்டு, யார் என்ன துக்கம் சொன்னாலும் ‘டஃப், டார்லிங், டஃப்’ என்று ஒரே பதிலைச் சொல்வார். முதல் முறை சிரிப்பு வரும். நாலாவது முறை எரிச்சல் வரும். அப்புறம் பயம் வரும். ஓஃபூல்ஸும் ஜெர்மனியிலிருந்து ஓடி வந்தவர்தான், இவருடைய அருமை அவருக்குத் தெரிந்திருந்தது.

இப்போது அந்தக் கொடுமையான கதை. போய்ஸ் அமெரிக்காவில் ஒரு நிமிட வேடங்களில் வந்துகொண்டிருந்த அதே காலத்தில், ஜெர்மனியில் அவர் முகம் திரையில் ஓடிக்கொண்டுதான் இருந்தது. 1940இல் ஃபிரிட்ஸ் ஹிப்லர் எடுத்த நாஜிப் பிரசாரப் படம் ‘டெர் எவிகெ யூடெ’. யூதர்கள் மீது வெறுப்பைத் தூண்டுவதற்கென்றே செய்தது. அதில் பீட்டர் லோரி ‘எம்’ படத்தில் கொலைகாரனாக நடித்த துண்டையும், போய்ஸ் 1927இல் பெண் உடுப்பில் செய்த நகைச்சுவைத் துண்டையும் வெட்டி ஒட்டியிருந்தார்கள். பாருங்கள், யூதர்களின் சீர்கேடு என்று. பதின்மூன்று வருடத்துக்கு முன் பெர்லின் மக்கள் காசு கொடுத்துச் சிரித்த காட்சி. இரண்டு வருடம் கழித்து லோரியும் போய்ஸும் ‘காஸாபிளாங்கா’வில் வருகிறார்கள்.

அந்தப் படம் ஜெர்மனிக்கு வந்த கதையையும் சொல்லிவிடுகிறேன், நேரடியாகக் கேட்கவில்லை என்றாலும். 1952இல் மேற்கு ஜெர்மனியில் ‘காஸாபிளாங்கா’ வெளியானபோது நாஜிகள் மொத்தமாகக் காணாமல் போயிருந்தார்கள். சுமார் 25 நிமிடம் வெட்டு. கொன்ராட் ஃபைட் படத்திலேயே இல்லை. எதிர்ப்புப் போராளி லாஸ்லோ டப்பிங்கில் நார்வே அணு விஞ்ஞானி ஆகிவிட்டார். முழுப் படம் ஜெர்மன் மொழியில் வர 1975 ஆனது. ஃபைட் இதையெல்லாம் பார்க்கவில்லை, 1943 ஏப்ரலிலேயே லாஸ் ஏஞ்சலஸில் மாரடைப்பில் இறந்துவிட்டார்.

போய்ஸ் 1950இல் பெர்லின் திரும்பினார். கிழக்குப் பக்கம். அங்கே பெர்ட்டோல்ட் பிரெஷ்ட் தன் நாடகக் குழுவை நடத்திக்கொண்டிருந்தார். 1950களின் தொடக்கத்தில் பிரெஷ்ட்டின் ‘திரு. புன்டிலாவும் அவர் வேலையாள் மட்டியும்’ நாடகத்தில் புன்டிலா வேடம் இவரிடம் வந்தது. ஃபின்லாந்துப் பண்ணையார். குடித்தால் தங்கமான மனிதர், எல்லோரையும் கட்டிப்பிடிப்பார். போதை தெளிந்தால் கல்நெஞ்சன். ஒரே உடம்பில் இரண்டு பேர். வேறு யாருக்கு எழுதியிருந்தாலும் இவருக்குத்தான் எழுதியது போலிருக்கும். 1955இல் ஆல்பெர்ட்டோ கவல்கான்டி ஆஸ்திரியாவில் இதைப் படமாக எடுத்தபோதும் போய்ஸ்தான் புன்டிலா. துண்டு வேடமே செய்தாரா என்று கேட்டவர்கள் இந்தப் படத்தைத் தேடிப் பார்க்கலாம். படம் முழுக்க அவர்தான்.

கிழக்கு ஜெர்மனியின் டெஃபா ஸ்டுடியோவுக்கு ஒரு படம் இயக்கினார், ‘ஐன் போல்டராபென்ட்’, 1955. அப்புறம் மேற்கு பெர்லின் பக்கம் வந்துவிட்டார். 1961இல் நடுவில் சுவர் எழுந்தது. ஷில்லர் தியேட்டர் மேடை, தொலைக்காட்சி, 1960இல் ‘ஸ்பெஸ்ஸார்ட்டில் பேய் மாளிகை’ என்ற ஜனரஞ்சக இசைப் படத்தில் ஒரு பேய். நல்ல பேய்தான். இருபது வருடம் இப்படிப் போயிற்று. வெளிநாட்டுக்காரர்கள் அவரை மறந்துவிட்ட காலம்.

என்னைக் கேட்டால் அவருடைய பெரிய நடிப்பு எண்பது வயதில் வருகிறது. 1981இல் சுவிஸ் இயக்குநர் மார்குஸ் இம்ஹோஃப் எடுத்த ‘டஸ் போட் இஸ்ட் ஃபோல்’ (படகு நிரம்பிவிட்டது). 1942 கோடையில் ஜெர்மனியிலிருந்து தப்பி சுவிட்சர்லாந்துக்குள் நுழையும் சிலர். சின்னக் குழந்தை உள்ள குடும்பத்துக்கு மட்டும் இடம் கிடைக்கும் என்று தெரிந்து, ஒருவருக்கொருவர் சம்பந்தமே இல்லாதவர்கள் குடும்பம்போல நடிக்கிறார்கள். தலைப்பு அந்த வருடம் ஆகஸ்டில் சுவிஸ் அமைச்சர் எடுவார்ட் ஃபொன் ஸ்டைகர் நாட்டை நிரம்பி வழியும் உயிர்காப்புப் படகுக்கு ஒப்பிட்டதிலிருந்து வந்தது. போய்ஸ் வியன்னாவிலிருந்து பேத்தியோடு வரும் முதியவர் லாஸர் ஆஸ்ட்ரோவ்ஸ்கி. ஆஸ்கர் பரிந்துரைப் பட்டியல் வரை போன படம்.

1942 கோடை. போய்ஸ் கலிபோர்னியாவில் பிக்பாக்கெட்டாக நடித்துக்கொண்டிருந்த அதே மாதங்கள். தப்பிக்க முடிந்த ஒருவர், தப்பிக்க முடியாமல் எல்லையிலிருந்து திருப்பி அனுப்பப்பட்ட ஒருவராக முப்பத்தொன்பது வருடம் கழித்து நடிக்கிறார். ஆனால் அதை அவர் தூக்கிக் காட்டவில்லை. அழுது தீர்க்கவில்லை. அடுத்தவர் வீட்டில் தங்கியிருக்கும் விருந்தாளி எப்படி மரியாதையாக, கொஞ்சம் கூச்சத்தோடு, இடத்தை அடைக்காமல் உட்காருவாரோ அப்படித்தான் படம் முழுக்க இருக்கிறார். நடிப்பவராக நடிக்கும் வேடம் வேறு. உயிருக்காகக் குடும்பத்தலைவர் வேடம் போடும் முதியவர், மோசமாக நடிக்க வேண்டும், ஆனால் நம்பும்படி மோசமாக. எழுபத்துச் சொச்ச வருட மேடை அனுபவம் இல்லாமல் அதைச் செய்ய முடியாது.

அடுத்த வருடம் இரண்டு நடிகர்கள் அவரைத் தேடி வந்தார்கள். புரூனோ கான்ஸும் ஒட்டோ சாண்டரும். இருவரும் சேர்ந்து ‘கெடெஷ்ட்னிஸ்’ (நினைவு) என்ற ஆவணப்படத்தை எடுத்தார்கள். அதில் இரண்டு மூத்த நடிகர்கள்: ஒருவர் போய்ஸ், இன்னொருவர் பெர்ன்ஹார்ட் மினெட்டி. மினெட்டி நாஜி ஆட்சி முழுக்க ஜெர்மனியிலேயே இருந்து நடித்தவர், ஹிட்லருக்குப் பிரசாரப் படங்கள் எடுத்த லேனி ரீஃபென்ஸ்டாலின் படத்திலும் வில்லனாக வந்தவர். ஓடியவரையும் இருந்தவரையும் அடுத்தடுத்து வைத்து, இரண்டு பேரின் கலை மீதும் மரியாதையோடு கேமராவைத் திருப்புகிறார்கள். இது எல்லோருக்கும் உவப்பான ஏற்பாடு இல்லை. எனக்கும் கொஞ்சம் உறுத்தல்தான். ஆனாலும் பார்க்க வேண்டிய படம்.

ஐந்து வருடம் கழித்து கான்ஸும் சாண்டரும் ‘விங்ஸ் ஆஃப் டிசையர்’ படத்தில் தேவதைகளானார்கள். போய்ஸ் ஹோமர் என்ற கிழக் கதைசொல்லி. கவனித்திருப்பீர்கள், அந்தப் படத்தில் தேவதைகளுக்கு மனிதர்களின் மனக்குரல் கேட்கும். அதனால் ஹோமர் பேசுவதில் பெரும்பகுதி மனதுக்குள் ஓடுகிற குரல்தான், உதடு அதிகம் அசைவதில்லை. நூலகப் படிக்கட்டில் மூச்சு வாங்கி ஏறுகிறார், புகைப்படப் புத்தகத்தைப் புரட்டுகிறார், ஒளிப்பதிவாளர் ஹென்றி அலெகானின் கறுப்பு வெள்ளையில். குரல் தனியே, உடம்பு தனியே. ஆறு வயதில் மௌனப் படத்தில் தொடங்கியவர் எண்பத்தாறு வயதில் கிட்டத்தட்ட மறுபடி மௌனப் படத்தில் நடிக்கிறார். குரல் வரும்போது அது பெர்லின் ஜெர்மன். எந்தக் கோணலும் இல்லாத, அவருடைய சொந்த மொழி.

சுவரோரப் பொட்டலில் சாண்டரின் தேவதை பக்கத்தில் நடக்க, கிழவர் போட்ஸ்டாமர் பிளாட்ஸைத் தேடுகிறார். போருக்கு முன் ஐரோப்பாவின் பரபரப்பான சதுக்கங்களில் ஒன்று அது, 1924லேயே போக்குவரத்து விளக்குக் கோபுரம் வைத்த இடம். யோஸ்டி காபிக் கடை எங்கே, வெர்ட்ஹைம் கடை எங்கே, சுருட்டு வாங்கும் கடை எங்கே என்று முனகிக்கொண்டே போகிறார். முன்பெல்லாம் இங்கே உட்கார்ந்து காபி குடித்தபடி ஜனங்களை வேடிக்கை பார்ப்பேன், அப்புறம் திடீரென்று கொடிகள் தொங்கின, மனிதர்கள் சிநேகமாக இல்லை, போலீசும் சிநேகமாக இல்லை என்கிறார். சுற்றிலும் புல்லும் குப்பையும் சுவரும். அவர் தேடும் இடத்தில்தான் நின்றுகொண்டிருக்கிறார். களைத்துப்போய், யாரோ வீசிவிட்டுப் போன சாய்வு நாற்காலியில் உட்காருகிறார்.

எழுத்து வெண்டர்ஸும் பீட்டர் ஹாண்ட்கேயும் செய்தது. ஆனால் அந்தக் கடைகளில் கால் வைத்துப் பழகிய பெர்லின்காரர் ஒருவர் சொல்லும்போது அது எழுதிக் கொடுத்தது போலத் தெரிவதில்லை. வேறொரு நல்ல நடிகரை அந்த நாற்காலியில் உட்காரவைத்துக் கற்பனை செய்து பார்த்தேன். எனக்குச் சரிப்படவில்லை.

ஆக, உங்கள் கேள்விக்கு: ஒரே ஆள். நடுவில் பதின்மூன்று வருட ஹாலிவுட்தான் துண்டு வேடம். அதற்கு முன்னும் பின்னும் பெரிய வேடங்களும் செய்தார், சின்னவையும் செய்தார். முதல் படம் 1907, ஹோமர் 1987.

ஐரோப்பியத் திரைப்பட விருதுகள் முதன்முறையாக 1988 நவம்பர் 26 அன்று வழங்கப்பட்டன. சிறந்த துணை நடிகர் கூர்ட் போய்ஸ், ஹோமர் வேடத்துக்காக. விழா நடந்தது மேற்கு பெர்லினில், தியேட்டர் டெஸ் வெஸ்டென்ஸ் அரங்கில்.